அக்கராயனிலிருந்து கொழும்புக்கு: வேலை தேடிப் போகிறவருக்கு முழுமையான வழிகாட்டி

1. புறப்படுமுன்

அடையாள அட்டை, கல்விச் சான்றிதழ்கள், விதானையாரிடம் எடுத்த வதிவிடச் சான்று ஆகியவற்றுக்குப் பிரதி எடுங்கள். மூலப்பிரதியை எந்த ஏஜென்டிடமும் கொடுக்கவேண்டாம். ஊர் திரும்பும் பஸ் காசைத் தனியே முடிந்து வையுங்கள்.

2. வீட்டுக்கு என்ன சொல்வது

அறை தேடுவதைவிட இதுதான் கஷ்டம். கொழும்புக்குப் போன பிள்ளை உழைக்கிறது என்றே ஊர் நினைக்கும். அம்மா எடுத்து "வேலை சரிவந்திட்டுதே?" என்று கேட்பா. "ஓம்" என்று ஒருமுறை சொல்லிவிட்டால் அடுத்த மாதம் காசும் அனுப்பவேண்டும். பிறகு போன் மணி அடித்தாலே பயம், எடுக்காமல் விடுவீர்கள். நான் பார்த்தவரை, கொழும்பில் எங்கள் பிள்ளைகளின் தனிமை பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகிறது. அக்காவோ மச்சானோ, ஒருவருக்காவது முதல் கிழமையிலேயே உள்ளதைச் சொல்லிவிடுங்கள்.

3. வேலையில்லாத பகல்

கொழும்பில் வெள்ளவத்தைப் பக்கம் தமிழ் போதும், வாடகைதான் கூட. இரண்டு பேராக அறை எடுங்கள். காலையில் குளித்து வெளிக்கிட்டு, 57ஆவது ஒழுங்கையில் உள்ள கொழும்புத் தமிழ்ச் சங்கத்துக்குப் போங்கள். 1942இல் தொடங்கிய சங்கம், நூலகம் உண்டு. பின்னேரம் தண்டவாளத்தைக் கடந்தால் கடல், செலவில்லை. சாப்பாட்டுக் கடைப் பெடியனோடு சிங்களம் கதைத்துப் பழகுங்கள். பிழையாகக் கதைத்தால் சிரிப்பான், சிரிக்கட்டும். நேர்முகத் தேர்வில் அந்தச் சிங்களம் உதவும்.

4. வேலை கிடைத்தால்

நியமனக் கடிதம் கேளுங்கள். ஊழியர் சேமலாப நிதிக்கு உங்கள் சம்பளத்தில் 8 வீதம் கழிப்பார்கள். முதலாளி தன் பங்காக 12 வீதமும், நம்பிக்கை நிதிக்கு 3 வீதமும் கட்டவேண்டும். "பழகுகிற காலத்துக்கு அது இல்லை" என்பது சட்டமல்ல, சாட்டு.

5. மனம் கனத்தால்

நித்திரை வராமல், சாப்பிட மனமில்லாமல் நாட்கள் போனால் 1926க்கு எடுங்கள். தேசிய மனநல நிறுவனத்தின் இலக்கம் அது. விசர் என்று யாரும் எழுதி வைக்கமாட்டார்கள்.

6. திரும்பி வர நினைத்தால்

ஊர்ச்சனம் ஒரு கிழமை கேட்கும், பிறகு மறந்துவிடும். கிளிநொச்சி அறிவியல் நகரில் 2016இல் திறந்த இலங்கை ஜேர்மன் தொழிற்பயிற்சி நிறுவனத்தில் வாகனத் தொழில்நுட்பம் போன்ற பயிற்சிகள் உண்டு. முடித்தால் என்.வி.கியூ. சான்றிதழ். விண்ணப்பம் எப்போது கோருகிறார்கள் என்று கொழும்பில் இருக்கும்போதே விசாரித்து வையுங்கள்.