மூணு முழுசும் அஞ்சு காலும்

2 3/4, 1 2/4 இரண்டையும் கூட்டச் சொன்னால், வரதய்யபாளையத்தில் என்னிடம் டியூஷன் படிக்க வரும் பிள்ளைகளில் பலர் முதலில் 3 5/8 என்றுதான் எழுதுவார்கள். மேலே இருப்பதை மேலே இருப்பதோடும், கீழே இருப்பதைக் கீழே இருப்பதோடும் கூட்டிவிடுவார்கள். “பகுதியைக் கூட்டக் கூடாது” என்று விதியாகச் சொன்னால் அன்றைக்குச் சரியாகச் செய்வார்கள். அடுத்த வாரமே அந்த எட்டு திரும்ப வந்துவிடும். அதனால் நான் விதியைப் பிறகு வைத்துக்கொண்டு, கட்டம் போட்ட நோட்டை முதலில் எடுக்கச் சொல்கிறேன்.

நாலு கட்ட நீளத்துக்கு ஒரு பட்டை. அதுதான் ஒரு முழுசு. இரண்டு பட்டைக்கு முழுக்க வண்ணம், மூன்றாவதில் மூன்று கட்டத்துக்கு மட்டும்: இது 2 3/4. கீழே வேறு வண்ணத்தில் ஒரு முழுப் பட்டையும், அடுத்ததில் இரண்டு கட்டமும். இப்போது எண்ணச் சொன்னால் முழுசு மூணு, உதிரிக் கட்டம் அஞ்சு. அந்த அஞ்சும் இன்னும் கால் கால்தான்; சேர்த்ததால் எதுவும் அரைக்காலாகச் சுருங்கவில்லை. அப்போதும் 5/8 என்று பிடிவாதம் பிடிக்கும் பிள்ளையிடம், “முக்காலோடு இன்னும் ரெண்டு கால் சேர்த்திருக்கோம். எட்டில் அஞ்சுன்னா முக்காலைவிடக் குறைச்சலா இல்ல வருது?” என்று கேட்பேன். முக்கால் என்பது எட்டில் ஆறு. இந்தக் கேள்விக்குப் பிறகு எட்டை யாரும் எழுதுவதில்லை.

அதிக நேரம் கொடுக்க வேண்டிய இடம் இதற்கு அடுத்தது. 3 5/4 என்று எழுதி நிறுத்திவிடுவார்கள். உடனே அஞ்சை நாலால் வகுக்கச் சொல்லாதீர்கள். கட்டங்களை வெட்டி நகர்த்தச் சொல்லுங்கள். முக்கால் பட்டையில் ஒரு இடம் காலி. இரண்டு கட்டத்தில் ஒன்று அங்கே போய் உட்காரும். “இந்தப் பட்டை நிறைஞ்சிடுச்சு டீச்சர், ஒண்ணு தனியா நிக்குது” என்று பிள்ளையே சொல்லும். விடை 4 1/4. 5/4 என்பதை 4/4 + 1/4 என்று பிரித்து எழுதுவதை அதன் பிறகு காட்டினால் போதும்.

ஒரே கணக்குக்குள் பட்டையின் நீளம் மாறக் கூடாது. பட்டைக்குப் பதில் வட்டம் வரைவதை நான் கால், அரைக்காலோடு நிறுத்திக்கொள்கிறேன். ஐந்து பாகமாகப் பிரித்தால் கோணலாகிவிடும். அஞ்சு கட்டப் பட்டையில் அந்தத் தொல்லை இல்லை. 11/4 + 6/4 = 17/4 என்று தகா பின்னமாக மாற்றிக் கூட்டும் வழியை, விடையைச் சரிபார்க்க மட்டும் வைத்திருக்கிறேன். 27 3/8 போன்ற எண் வந்தால் அந்த வழியில் பிள்ளைகள் பெருக்கலிலேயே தடுமாறுவார்கள்.

பெரிய எண்களுக்குத் தையல் டேப் இருக்கிறது. இஞ்சை எட்டாகப் பிரித்த டேப்பாகப் பார்த்து எடுங்கள். 14 5/8-இல் விரல் வைத்து 2 6/8 நகரவேண்டும். இரண்டு இஞ்சு தாண்டினால் 16 5/8. மூன்று கோடு போனால் 17. மீதி மூன்று கோடு, 17 3/8.

ஒன்பதாம் நூற்றாண்டு மகாவீரரின் ‘கணித சார சங்கிரகம்’ பின்னங்களை விரிவாகப் பேசுகிறது. பாவுலூரி மல்லனா அதைப் பதினோராம் நூற்றாண்டில் தெலுங்குக்குக் கொண்டுவந்தார். அந்தக் காலத்தில் முழு எண்ணை மேலே வைத்து, தொகுதியையும் பகுதியையும் கோடில்லாமல் அதன்கீழ் அடுக்கினார்கள். நானும் நோட்டில் முழுசுக்கு ஒரு வரி, துண்டுக்குத் தனி வரி என்று பிரித்துக் கொடுக்கிறேன். கலந்து எழுதும் தவறு நன்றாகவே குறைந்திருக்கிறது.

கணக்கு கொடுக்கும் வரிசையும் முக்கியம். துண்டுகள் முழுசைத் தொடாத கணக்கு முதலில், பிறகு 1 5/8 + 2 3/8 போல மிச்சமில்லாமல் நிறைவது, கடைசியில் தாண்டிப் போவது. நடுவில் உள்ளதைத் தவிர்த்தால் 3 8/8 என்றே விட்டுவிடுவார்கள். வரைவதற்கு முன்பே “இது தாண்டிடும்” என்று சொல்லத் தொடங்கிய பிள்ளைக்குப் பட்டையை நிறுத்திவிட்டு எண்களை மட்டும் கொடுக்கிறேன்.