இனிப்புக் குறைந்த கிழங்குப் பெங்காட்



ஜப்பானியர் ஆட்சிக் காலத்தில் (1941–1945) அரிசி அரிதானபோது, மரவள்ளியோடு சேர்ந்து நம் முன்னோரின் பசி தீர்த்தது சர்க்கரைவள்ளிக் கிழங்கு. மலாய் மொழியில் இதனைக் கெலெடெக் என்பர். இன்று கெட்டித் தேங்காய்ப்பாலும் சீனியும் மிகுதியாகச் சேர்த்து, இதனைப் பெங்காட்டாகக் காய்ச்சி உண்கிறோம்.

2023ஆம் ஆண்டின் தேசிய உடல்நல ஆய்வின்படி, இந்நாட்டுப் பெரியவர்களில் ஏறத்தாழ ஆறு பேருக்கு ஒருவர் நீரிழிவு உடையவர். ஆகவே, இனிப்பைக் குறைத்தல் நம் கடமையாகும். கிழங்கே இனிப்புடையதன்றோ?

செய்முறை (நால்வருக்கு): அரைக்கிலோ கிழங்கைத் தோலுடன் வேகவைத்து, உரித்துத் துண்டாக்குக. மூன்று குவளை நீரில் பாண்டான் இலையும் இரண்டு மேசைக்கரண்டி குலா மெலாகாவும் இட்டுக் கொதிக்கவிடுக. துண்டுகளில் கால் பங்கை மசித்துக் கரைத்தால் குழம்பு தானே கெட்டிப்படும். எஞ்சியவற்றையும் சிட்டிகை உப்பையும் சேர்க்க. இறுதியில் அரைக்குவளை தேங்காய்ப்பால் ஊற்றிச் சூடேறியதும் இறக்குக; கொதித்தால் பால் திரியும்.

தேங்காய்ப்பாலை முற்றும் நீக்க வேண்டா. செம்மஞ்சள் கிழங்கிலுள்ள, உயிர்ச்சத்து 'ஏ' ஆக மாறும் பொருளை உடல் ஏற்கச் சிறிது கொழுப்பு தேவை. நீரிழிவுடையோர் இதனைச் சிறு கிண்ணமளவே, அவ்வேளைச் சோற்றைக் குறைத்து உண்பாராக.

நாவின் சுவையும் உடலின் நலமும் ஒருங்கே காப்போமாக!