இசைவாணையும் கழிவு நீரும்: ஓர் எல்லைப் பகுதியின் பாடம்

சித்தூரிலிருந்து வேலூர் செல்லும் சாலையில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி அமைந்துள்ளது குடிபாலா. சித்தூர் மாவட்டம் மாம்பழக் கூழ்த் தொழிலுக்குப் பெயர் பெற்றது. எல்லைக்குத் தெற்கே பாலாற்றுப் படுகையில் தோல் பதனிடும் தொழில் வேரூன்றியுள்ளது. சித்தூர்ப் பகுதியில் உற்பத்தியாகும் பொன்னையாறு எல்லை கடந்து பாலாற்றில் கலக்கிறது. மாசுக் கட்டுப்பாட்டு வாரியங்கள் மாநிலத்துக்கு ஒன்றாக இரண்டு. ஆற்றுக்கோ பாதை ஒன்றே.

தொழிற்சாலை உரிமமும் வாரியத்தின் இசைவாணையும் ஒன்றென்று பலர் எண்ணுகின்றனர். முன்னது தொழிலாளரின் பாதுகாப்பையும் நலனையும் முன்னிட்டது. பின்னது 1974ஆம் ஆண்டின் நீர்ச் சட்டம் 25ஆவது பிரிவின்படியும், 1981ஆம் ஆண்டின் காற்றுச் சட்டம் 21ஆவது பிரிவின்படியும் பெறப்படுவது. ஒன்றைப் புதுப்பித்ததால் மற்றொன்று தானே புதுப்பிக்கப்பட்டதாகாது. கழிவு நீரை எங்கு, எவ்வளவு, எத்தன்மையில் வெளியேற்றலாம் என்பதை இசைவாணையின் நிபந்தனைகள் வரையறுக்கின்றன. நீர்நிலைகளில் விடும் கழிவில் உயிர்வேதி ஆக்சிஜன் தேவை லிட்டருக்கு 30 மில்லிகிராமுக்கும், பாசன நிலத்தில் விடும் கழிவில் 100 மில்லிகிராமுக்கும் மிகலாகாது என்பது பொது அளவு.

இந்த அளவைக் காப்பது கூழ் ஆலைகளுக்கு எளிதன்று. தோத்தாபுரி மாம்பழ வரத்தையொட்டி இவை ஆண்டில் இரண்டு மூன்று மாதங்களே முழுவீச்சில் இயங்குகின்றன. பழங்கழுவிய நீரில் சர்க்கரையும் அமிலமும் மிகுதி. தோலும் கொட்டையும் குவிந்து புளிக்கின்றன. இக்கழிவைச் சிதைக்கும் நுண்ணுயிர்கள் தொட்டியில் பெருகச் சில வாரங்களாகும். சாணக் கரைசல் இட்டு அவற்றை முன்கூட்டியே வளர்க்காவிடில், பருவத்தின் முதல் வாரங்களில் சுத்திகரிப்பு நிலையம் பெயரளவில்தான் இயங்கும். தோல் தொழிலைப் போல் இங்கு குரோமியம் இல்லை. ஆயினும் சர்க்கரை நீர் குளத்தை அடைந்தால் ஆக்சிஜன் குன்றி மீன்கள் மடியும். ஆலை உறங்கும் மாதத்தில் பார்வையிட்டு எழுதும் அறிக்கையால் பயன் என்ன? புதுப்பித்தலுக்கான மாதிரிகள் பழம் அரைபடும் நாட்களில் எடுக்கப்பட வேண்டும். அம்மாதிரியும் நீர்ச் சட்டத்தின் 21ஆவது பிரிவின்படி ஆலையினர் முன்னிலையில் இரு பகுதியாக்கப்பட்டு முத்திரையிடப்பட வேண்டும். முறை தவறினால் நீதிமன்றத்தில் அது சான்றாகாது.

நிபந்தனைகள் ஏட்டளவில் நின்றால் நேர்வதைப் பாலாற்றுப் படுகை காட்டியது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் 1991இல் தொடர்ந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28 அன்று தீர்ப்பளித்தது. ஒரு கிலோ தோலைப் பதனிட ஏறத்தாழ 35 லிட்டர் நீர் செலவாவதையும், சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுமையாகவோ ஓரளவோ சாகுபடிக்குத் தகுதியற்றுப் போனதையும் தீர்ப்பு குறிப்பிட்டது. மாசுபடுத்தியவரே ஈடு செலுத்த வேண்டுமென்ற கோட்பாட்டை ஏற்று, ஐந்து மாவட்டத் தோல் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்தது. 1996 டிசம்பர் 15க்குள் வாரியத்தின் இசைவு பெறாதவை மூடப்பட வேண்டும் என்றும் ஆணையிட்டது. சட்டம் பிறந்து 22 ஆண்டுகளுக்குப் பின்னரும் இசைவு பெறுமாறு நீதிமன்றம் நாள் குறிக்க வேண்டியிருந்தது!

சுத்திகரிப்பு நிலையம் அமைத்ததோடு பொறுப்பு தீர்வதில்லை. இராணிப்பேட்டை சிப்காட் வளாகத்தின் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் 2015 ஜனவரி 31 அன்று கசடுத் தொட்டியின் சுவர் உடைந்து 10 தொழிலாளர்கள் மாண்டனர். நீரைத் தெளிவாக்கியபின் எஞ்சும் கசடு எங்கே, எவ்வளவு சேர்கிறது என்பதையும் புதுப்பித்தலின்போது கேட்டாக வேண்டும்.

அதிகாரம் குறைவென்று வாரியங்கள் கூறுவதற்கில்லை. 27ஆவது பிரிவு, இசைவின் நிபந்தனைகளை அவ்வப்போது மறுஆய்வு செய்து மாற்ற இடமளிக்கிறது. 1988இல் சேர்க்கப்பட்ட 33அ பிரிவு மின்சாரத்தையே துண்டிக்க ஆணையிடும் வலிமையுடையது. மறுபுறம், முழுமையான விண்ணப்பத்தின்மீது நான்கு மாதத்தில் முடிவெடுக்காவிடில் இசைவு வழங்கப்பட்டதாகவே கொள்ளப்படும் என்பது 25ஆவது பிரிவு. நேர்மையான தொழில்முனைவோரைக் கோப்புத் தாமதத்திலிருந்து காக்கும் இவ்விதி, பார்வையிடாத அலுவலகத்தின் மௌனத்தையும் இசைவாக்கி விடுகிறது. ஆள் பற்றாக்குறையுள்ள மாவட்ட அலுவலகங்கள் கூழ் ஆலைகளின் விண்ணப்பங்களைப் பருவத்துக்கு முன்பே தனியே பிரித்துவைத்துக்கொள்வது இச்சிக்கலை ஓரளவு குறைக்கும்.

எல்லை கடக்கும் நீரைப் பொறுத்தவரை, மாநில வாரியங்களின் பணிகளை ஒருங்கிணைப்பதும் அவற்றிடையே எழும் பிணக்குகளைத் தீர்ப்பதும் 16ஆவது பிரிவின்படி மத்திய வாரியத்தின் கடமையாகும். மேல் பகுதியில் எடுத்த மாதிரியின் முடிவு கீழ்ப்பகுதி அலுவலகத்துக்கும் உடனே கிடைத்தால், கிணற்று நீர் கரிக்கத் தொடங்கும் முன்னரே உழவர் எச்சரிக்கப்படுவர்.