குட்டி மீனின் முழக்கமும் டெசிபெல் கணக்கும்

மாணவர்களே, உங்கள் அளவுகோலில் 12 மில்லிமீட்டரைப் பாருங்கள். முழு வளர்ச்சி பெற்ற ஒரு மீனின் நீளம் ஏறத்தாழ அவ்வளவுதான். பெயர் டேனியோனெல்லா செரிப்ரம். இயற்கையில் இது காணப்படுவது மியான்மார் நாட்டில், பேகோ யோமா மலைத்தொடரின் அடிவாரத்து ஓடைகளில். கண்ணாடி போன்ற உடல். மண்டையோட்டின் மேற்பகுதியும் கிடையாது. எனவே உயிருள்ள மீனின் மூளையையே நுண்ணோக்கியில் காணலாம். பல ஆண்டுகள் இதை வேறொரு உறவின மீன் என்றே கருதி வந்தார்கள். தனி இனம் என அறிந்து பெயரிட்டது 2021-இல்தான்.

இதன் ஆண் மீன் 140 டெசிபெல்லுக்கும் மேற்பட்ட ஒலி எழுப்புகிறது என்று 2024-இல் பெர்லின் ஆய்வாளர்கள் அறிவித்தனர். எப்படி? கேரம் காயைச் சுண்டும்போது விரலை எதிலாவது தடுத்து, இழுவிசை ஏறியதும் விடுவிக்கிறோம் அல்லவா? இங்கும் அதே உத்தி. ஒரு தசை விலா எலும்பை இழுக்கிறது. அந்த எலும்பு ஒரு குருத்தெலும்பை அழுத்தி நிறுத்துகிறது. விடுபட்டவுடன் குருத்தெலும்பு பாய்ந்து காற்றுப்பையின்மீது மோதுகிறது. காற்றுப்பை முரசு, குருத்தெலும்பு கோல். அந்தக் கோலின் முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தைப்போல் 2000 மடங்குக்கும் மேல்!

உடனே செய்தித்தாள்கள் ஜெட் விமானத்தோடு ஒப்பிட்டுவிட்டன. இங்கேதான் நாம் சற்று நிற்க வேண்டும். டெசிபெல் என்பது மீட்டர், கிலோகிராம் போன்ற அளவு அன்று. இரண்டு அளவுகளுக்கிடையே உள்ள விகிதத்தின் மடக்கை. எதனோடு ஒப்பிட்டோம் என்று சொல்லாவிட்டால் அதற்குப் பொருளில்லை. காற்றில் ஒப்பீட்டு அழுத்தம் 20 மைக்ரோபாஸ்கல். நீரில் 1 மைக்ரோபாஸ்கல். இந்த வேறுபாட்டுக்கு மட்டும் 26 டெசிபெல் கழிக்க வேண்டும்.

அது போதாது. அடர்த்தியையும் ஒலியின் வேகத்தையும் பெருக்கிப் பாருங்கள். அந்தப் பெருக்கற்பலன் காற்றைவிட நீரில் ஏறத்தாழ 3600 மடங்கு. அழுத்தம் சமமாக இருந்தாலும் நீரில் ஒலிச் செறிவு அத்தனை மடங்கு குறைவு. அதற்காக இன்னும் 36. ஆகமொத்தம் 62 போக, செறிவைக் கொண்டு பார்த்தால் மீதி 78 டெசிபெல். அதாவது, போக்குவரத்து மிகுந்த சாலையின் இரைச்சல்! 12 மில்லிமீட்டர் உடலுக்கு இதுவே பெரும் வியப்பு. ஜெட் விமானத்தைத் துணைக்கு அழைக்கத் தேவையில்லை.

மேலும், நீரிலிருந்து செங்குத்தாக மேற்பரப்பை அடையும் ஒலியாற்றலில் ஆயிரத்தில் ஏறத்தாழ ஒரு பங்குதான் காற்றுக்குள் நுழையும். மற்றதெல்லாம் திரும்பி நீருக்குள்ளேயே போய்விடும். கலங்கிய ஓடையில் ஒன்றையொன்று காண முடியாத மீன்களுக்கு இந்த ஒலி செய்தி சொல்ல உதவுகிறது என்பது ஆய்வாளர் கருத்து.

ஒரு கணக்கு: மீனிலிருந்து 12 மி.மீ. தொலைவில் நீர் அளவையில் 140 டெசிபெல். தொலைவு இரட்டிக்கும்போதெல்லாம் 6 குறையும் என்று கொண்டால், 1 மீட்டரில் எவ்வளவு? (விடை: ஏறத்தாழ 102.)