அறுபது ஓம்

அப்பா ஓட்டும் சரக்கு வேன் ஒருநாள் ஸ்டார்ட் ஆகவில்லை. "ஈ.சி.யு.வை மாற்ற வேண்டும்" என்றார் மெக்கானிக். எஞ்சினின் மூளை அது. விலையோ அப்பாவின் இரண்டு மாத வருமானம்.

வண்டியின் கட்டுப்பாட்டுக் கருவிகள் 'கேன்' எனப்படும் முறுக்கிய இரு கம்பிகள் வழியே பேசிக்கொள்கின்றன. பாஷ் நிறுவனம் 1986இல் அறிமுகப்படுத்திய முறை இது. கம்பிகளின் இரு கோடியிலும் 120 ஓம் மின்தடை உண்டு. பக்க இணைப்பாதலால் மொத்தத் தடை 60 ஓம்.

பேட்டரி இணைப்பைக் கழற்றிவிட்டு, சோதனைச் சாக்கெட்டின் 6, 14ஆம் பின்களுக்கிடையே மல்டிமீட்டரை வைத்தேன். 120 காட்டியது! அப்படியானால் ஒரு கோடியின் தடை துண்டிக்கப்பட்டுள்ளது. கம்பிவழியே தேடினோம், எலி கடித்த இடம் அகப்பட்டது. பற்றவைத்ததும் 60 ஓம், வண்டியும் உறுமியது.

நண்பர்களே, பக்க இணைப்புச் சூத்திரம் தேர்வுக்கு மட்டுமன்று. "இதைக் கல்லூரியிலா சொல்லித் தந்தார்கள்?" என்றார் அப்பா.