திருச்சியில் கைமாறிய படச்சுருள்கள்



தாம்பரம் வழியே திருச்சிக்குச் செல்லும் இருப்புப்பாதை ஒரு காலத்தில் தென்னிந்திய ரயில்வேக்கு உரியதாக இருந்தது. அந்நிறுவனத்தில் வரைவாளராகப் பணியாற்றிய சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-இல் திருச்சியில் டூபான்ட் என்னும் பிரெஞ்சுக்காரரிடம் படம் காட்டும் கருவியையும் சில படச்சுருள்களையும் விலைக்கு வாங்கி, வேலையைத் துறந்து, ஊர் ஊராகக் கூடாரம் அடித்துப் படம் காட்டப் புறப்பட்டார். தமிழ்ச் சினிமாவை நடராஜ முதலியாரின் 'கீசகவத'த்திலிருந்து எண்ணத் தொடங்குவோர், அதற்குமுன் பத்தாண்டுக்கு மேலாகத் தமிழர் பிறநாட்டுப் படங்களைப் பார்த்துப் பழகியதைக் கணக்கில் கொள்வதில்லை. அது பெரிய குறை.

ஒரு ரயில்வே ஊழியர் படங்களுக்கு உரிமையாளராக முடிந்ததற்கு வணிக முறையே காரணம். முதல் உலகப்போருக்கு முன் உலகச் சந்தையில் முதலிடம் பெற்றிருந்த பாரிஸின் பத்தே நிறுவனம், 1907-இல் வாடகை முறைக்கு மாறும்வரை, படங்களை மீட்டர் கணக்கில் விற்றுவந்தது. வாங்கியவர் சுருள் தேயும்வரை காட்டலாம், பிறருக்கு விற்கவும் செய்யலாம்.

அக்காலப் பிரெஞ்சு நகைச்சுவைத் துணுக்குப் படங்களில் கேமரா பெரும்பாலும் ஓரிடத்திலேயே நிற்கும். நடிகரின் முழு உடலும் தெரியும். ஒருவர் ஓட, துரத்துவோர் கூட்டம் தெருவுக்குத் தெரு பெருகி, ஒருவர்மேல் ஒருவர் விழும் துரத்தல் படங்களுக்கு மொழி தேவைப்படவில்லை. பத்தேயின் மாக்ஸ் லிண்டர் இதை மேலும் நுட்பமாக்கினார்: பட்டுத்தொப்பியும் மீசையும் அணிந்த கனவான், நிலைதடுமாறும்போதும் தம் மதிப்பைக் காக்கப் போராடுவதே அவருடைய நகைச்சுவை. சாப்ளின் தம்மை அவருடைய சீடர் என்றே எழுதியளித்தார். விழுவதைவிட விழாமல் சமாளிப்பதில் சிரிப்பைக் கண்ட லிண்டரின் கலையே உயர்ந்தது.

சாகசப் படங்களில் லூயி ஃபெயாத் கோமோன் நிறுவனத்துக்காக 1913-இல் தொடங்கிய 'ஃபாந்தோமாஸ்' தொடர் தலைசிறந்தது. முகமூடிக் குற்றவாளியின் கதையை மெய்யான பாரிஸ் தெருக்களில் படமாக்கியதால், நம்பமுடியாத நிகழ்ச்சிகளும் கண்முன் நடப்பவையாகத் தோன்றுகின்றன.

இப்படங்களைக் கைபேசியில் பார்ப்பவர் வேகத்தைக் கவனிக்க வேண்டும். கையால் சுழற்றப்பட்ட கேமரா நொடிக்கு ஏறத்தாழ 16 படச்சட்டங்களையே பதிவுசெய்தது; அதைப் பேசும்பட வேகமான 24 சட்டங்களில் ஓட்டினால் எல்லோரும் துள்ளி ஓடுவதாகத் தெரியும். அந்த அவசரம் நடிகருடையது அன்று. வேகத்தைப் போலவே ஒலியையும் மறக்கக் கூடாது: மௌனப்படக் கொட்டகையிலும் முழு மௌனம் நிலவியதில்லை. திரையருகே நின்று கதையை உரக்க விளக்கிச் சொல்பவர் இருந்தார். லிண்டர் பனிக்கட்டித் தளத்தில் சறுக்கப் பழகும் 1907-ஆம் ஆண்டுப் படத்தைச் சரியான வேகத்தில் முதலில் பார்ப்பது நல்லது.