ஊதிய நிர்ணயமும் பணிமூப்பும்: காலதாமதம் ஆகாது

நெய்வேலி நகரியத்தில், தம்மினும் இளையவர் முன்னே உயர்ந்துவிட்டாரென்றோ, ஊதியம் ஒரு படி குறைவாக நிர்ணயமாயிற்றென்றோ மனம் நொந்தும், ஓய்வுக்குப் பின் பார்த்துக்கொள்ளலாமென்று வாளாவிருக்கும் அன்பர்கள், அந்த ஒத்திவைப்பே பெருநஷ்டத்துக்கு மூலகாரணமென உணர வேண்டும். தவறான ஊதிய நிர்ணயம் மாதந்தோறும் தொடரும் தவறு என்று 1995-இல் எம்.ஆர். குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியதாயினும், தாமதித்து வருவோர்க்குப் பொதுவாக ரிட் மனுவுக்கு முந்தைய 3 ஆண்டு நிலுவையே உண்டென்று 2008-இல் தர்சேம் சிங் வழக்கில் வரையறுத்தது. பதவி உயர்விலோ, பிறருடைய உரிமையும் பாதிக்கப்படுமாதலால், அந்தச் சலுகையும் அரிது.

ஆகையால் பணிமூப்புப் பட்டியல் வெளியான அன்றே தம் பெயரையும் பணியில் சேர்ந்த தேதியையும் விரல் வைத்துப் படித்து, பிழை கண்டால் எழுத்து மூலம் ஆட்சேபித்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் பெற்றுக்கொள்க. வாய்மொழி வாக்குறுதியை நம்பி ஆண்டுகளை இழந்தோரைக் கண்டு நான் வருந்தியதுண்டு. தம் பணிக் கோப்பின் விவரங்களை, 2005-ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி மத்திய நிறுவனங்களில் 10 ரூபாய்க் கட்டணத்தில் கேட்கலாம். 30 நாளில் பதில் வர வேண்டும்.

ஆட்சேபத்துக்குப் பரிகாரம் கிடைக்காவிடில், நெய்வேலியின் பழுப்பு நிலக்கரி நிறுவன அதிகாரிகளும் மாநில அரசு ஊழியரும் சென்னை உயர் நீதிமன்றத்தையும், அஞ்சலகம் முதலிய மத்திய அரசுப் பணியாளர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தையும் நாடலாம். தீர்ப்பாயத்துக்கு, இறுதி ஆணை பிறந்த நாளிலிருந்து ஓராண்டே கெடு. மீண்டும் மீண்டும் மனுக் கொடுப்பதால் அது நீளாது.